பாவுல் பாடகர்கள்: கேள்வி பதில்

கேள்வி: பாவுல்கள் இந்துக்களா, முஸ்லிம்களா?

பதில்: வங்காளத்தின் நாடோடி ஆன்மிகப் பாடகர்களான பாவுல்களில் இரு சமயத்திலும் பிறந்தவர்கள் உண்டு. மேற்கு வங்கத்தின் பீர்பூம் பகுதியில் வைணவச் சாயலும், வங்கதேசத்தின் குஷ்டியா பக்கம் சூஃபிச் சாயலும் மிகுந்திருந்தாலும், சாதி மத வேறுபாட்டைப் பொருட்படுத்தாதிருப்பதே இவர்கள் நெறி. குஷ்டியாவை அடுத்த செவுரியாவில் 1890 அக்டோபர் 17 அன்று மறைந்த பாவுல் கவிஞர் லாலன் ஃபகீர், தம் சாதி எதுவென்று ஊரார் கேட்பதையே பாட்டாக்கினார். பூணூலைக் கண்டு பிராமணனை அறிகிறீர்களே, பிராமணப் பெண்ணை எதைக் கொண்டு அறிவீர்கள் என்று அதில் அவர் கேட்கிறார்.

கேள்வி: ஒற்றைத் தந்தியை வைத்துக்கொண்டு எப்படிப் பாடுகிறார்கள்?

பதில்: ஏக்தாரா என்பது அடியில் தோல் போர்த்திய சுரைக்குடுக்கை, பிளந்த மூங்கிலின் இரு கைகளுக்கு நடுவே தந்தி ஓடும். ஆள்காட்டி விரலால் மீட்டிக்கொண்டே மூங்கிலை அழுத்தினால் சுருதி சற்றே மாறும். வலக்கையில் இதை ஏந்தி, இடுப்பில் கட்டிய டுக்கி என்னும் சிறு முரசை இடக்கையால் தட்டி, காலில் சதங்கையோடு ஆடுகிறவர் ஒருவராகவே சுருதியும் தாளமும் ஆகிவிடுகிறார். மெட்டைத் தோதாரா என்னும் நரம்புக்கருவி தொடரும்.

கேள்வி: இறைவனைப் பாடாமல் உடலையே பாடுவது ஏன்?

பதில்: அவர்களுக்கு இரண்டும் வேறல்ல. அண்டத்தில் உள்ளதெல்லாம் இந்த உடலில் உண்டு என்பதும், தேடப்படும் 'மனேர் மானுஷ்' என்னும் உள்ளத்து மனிதன் இங்கேயே உறைகிறான் என்பதும் அவர்கள் கொள்கை. லாலனின் பாடலொன்றில் உடல் கூண்டாகிறது. உயிர் அதனுள் வந்துபோகும் பெயர் தெரியாத பறவையாகிறது. மூச்சை அடக்குவதும், ஆணும் பெண்ணும் இணைந்து செய்யும் மறைவான ஆன்மிகப் பயிற்சியும் இவர்கள் வழிபாட்டின் உள்ளடக்கம் என்பதால், ஆறு, படகு, நிலவு என்று பூடகமாகவே பாடுவார்கள். குருவிடம் தீட்சை பெற்றவருக்கே அதன் முழுப்பொருள் திறக்கும். ஆகவே இதை வெறும் நாட்டுப்புறப் பாட்டாக மட்டும் ரசிப்பது பாதியைக் கேட்பதாகும் என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி: தாகூருக்கும் இவர்களுக்கும் தொடர்பு உண்டா?

பதில்: உண்டு. வங்கதேசத்தின் தேசிய கீதமான அவருடைய பாடலின் மெட்டு, சிலைதா பகுதியில் தபால்காரராக இருந்த ககன் ஹர்காராவின் பாட்டிலிருந்து வந்தது.

கேள்வி: நேரில் கேட்க எங்கே போகலாம்?

பதில்: மகர சங்கராந்தியை ஒட்டி, அஜய் ஆற்றங்கரையில் உள்ள கேந்துலியில் ஜெயதேவர் மேளா கூடும். ஒலிபெருக்கி முழங்கும் பெரிய பந்தல்களைத் தாண்டிச் பாவுல்கள் கூடிப் பாடும் சிறிய அக்காடாக்களில் போய் உட்காருங்கள். விடிய விடியப் பாட்டு நடக்கும், ஒருவர் பாட்டால் எழுப்பும் கேள்விக்கு இன்னொருவர் பாட்டாலேயே விடை சொல்வதையும் அங்கே கேட்கலாம்.