இரண்டு ஃப்ரேம்

அன்புள்ள ஐயா,

'லாரன்ஸ் ஆஃப் அரேபியா' பார்த்தேன். தீக்குச்சியை ஊதியதும் பாலைவனச் சூரியோதயம் வருமே, அந்த இடத்தை இயக்குநர் டேவிட் லீனின் மேதைமை என்கிறார்கள். எடிட்டர் ஆன் வி. கோட்ஸை யாரும் சொல்வதில்லை. திரைக்குப் பின்னால் இருப்பவர்களின் விதியே இதுதானா? எனக்கு 34 வயது. வங்கி வேலையை விட்டுவிட்டு எடிட்டிங் கற்க ஆசை. காலம் கடந்துவிட்டதா? எந்த மென்பொருளில் தொடங்கலாம்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

விதி என்று புலம்ப இதில் ஒன்றுமில்லை. அந்தப் படத்துக்கே கோட்ஸ் ஆஸ்கர் வாங்கினார். 2016இல் கௌரவ ஆஸ்கரும் கொடுத்தார்கள். உங்களுக்கு நேற்று தெரிந்த பெயரை உலகத்துக்கே தெரியாது என்று எழுதலாமா?

அந்த வெட்டைப் பற்றி நானும் கொஞ்ச நாளாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். திரைக்கதையில் அது வெட்டே இல்லை, டிஸால்வ்: ஒரு காட்சி மெல்ல மங்கி அடுத்ததில் கரைவது. ஃபிலிமில் டிஸால்வை எடிட்டர் தன் மேசையிலேயே செய்துவிட முடியாது, ஃபிலிம் கழுவும் லேபில் தனியாகப் போட்டு எடுக்கவேண்டும். அது வரும்வரை இரண்டு துண்டையும் வெறுமனே ஒட்டி வைத்திருப்பார்கள். அதை ஓட்டிப் பார்த்தபோதுதான் இப்படியே விட்டுவிடலாமே என்று தோன்றியிருக்கிறது. கிட்டத்தட்ட சரி, இன்னும் சரியாக்கு என்றார் லீன். கோட்ஸ் இரண்டு ஃப்ரேமை, அதாவது ஃபிலிமில் இரண்டே இரண்டு கட்டத்தை, வெட்டி எடுத்தார். நொடிக்கு 24 ஃப்ரேம், கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். யாருடைய மேதைமை என்றா கேட்கிறீர்கள்? பாதிப் பெருமை லேபின் தாமதத்துக்கு! இன்றைக்கென்றால் கணினியில் ஒரு தட்டு, டிஸால்வ் வந்துவிடும். அந்த வெறும் ஒட்டு யார் கண்ணிலும் பட்டிருக்காது. இதைச் சொன்னவர் கோட்ஸ்தான்.

எங்கள் ஊர் டாக்கீஸ் ஆபரேட்டரின் கை எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. ஃபிலிம் அறுந்தால் கீழே விசில் பறக்கும். அவர் நிதானமாக பிளேடால் ஓரத்தைச் சுரண்டி, ஃபிலிம் சிமெண்ட் என்ற பசையைத் தடவி, விரலால் அழுத்திப் பிடிப்பார். மூக்கில் ஏறும் நெடி அது. சிதைந்த ஃப்ரேம்களைக் கத்தரித்து என் கையில் கொடுப்பார். ஊருக்கு ஊர் இப்படிக் கத்தரித்துத்தான் எங்களிடம் வரும்போது பாட்டெல்லாம் குதித்துக் குதித்து ஓடும்.

கோட்ஸ் தொடங்கியதும் இப்படியொரு வேலையில்தான். பிரிட்டனின் தேவாலயங்களுக்குப் போகும் மதப் படங்களின் பிரதிகளைப் பழுதுபார்த்து அனுப்புவது. ஆமாம், ஜே. ஆர்தர் ரேங்க் என்ற பெரிய ஸ்டுடியோ முதலாளி அவருக்குச் சொந்த மாமா, சிபாரிசு இருந்தது. இருக்கட்டும். அதற்கு முன்னால் இங்கிலாந்தின் ஈஸ்ட் கிரின்ஸ்டெட்டில், தீயில் வெந்த விமானிகளின் முகங்களைச் சீரமைத்த டாக்டர் மெக்கிண்டோவின் மருத்துவமனையில் செவிலியாக இருந்தார். அங்கே மாமா தையல் போட வரவில்லை.

மென்பொருள் எதுவானால் என்ன? வேலையை இப்போதே விட்டுவிடாதீர்கள், அம்மா. சாயங்காலம் கல்யாண வீடியோ எடிட் செய்பவர் யாரிடமாவது போய் உட்காருங்கள். அவர் போட்டிருக்கும் பூ, இதயம், பக்கம் புரட்டல் எல்லாவற்றையும் கழற்றிவிட்டு இரண்டு ஷாட்டை வெறுமனே ஒட்டி ஓட்டிப் பாருங்கள். அப்புறம், 'ஃபிஃப்டி ஷேட்ஸ் ஆஃப் கிரே' படத்தை எடிட் செய்தவர்களில் கோட்ஸும் ஒருவர். 2015இல் அது வெளியானபோது அவருக்கு வயது 89. காலம் கடந்துவிட்டதா என்று இனி எனக்கு எழுதினால் பதில் வராது.