மும்பை மாட்டுங்காவில் தமிழர்கள் நிறையப் பேர் குடியேறியது ஏன்?

மாட்டுங்கா, தாதருக்கும் சயனுக்கும் நடுவே உள்ள குடியிருப்புப் பகுதி. 1896-ல் பம்பாயைப் பிளேக் உலுக்கியது. காற்றும் வெளிச்சமும் புகாத நெரிசல்தான் நோயை வளர்க்கிறது என்று அன்றைய அரசு நம்பியது. 1898-ல் பம்பாய் மேம்பாட்டு டிரஸ்ட் அமைந்தது. நெருக்கமாக முளைத்த நாற்றைப் பிடுங்கி இடைவெளி விட்டு நடுவதைப் போல, வடக்கே தாதர்-மாட்டுங்காவில் அகலமான தெருக்களோடு மனைகள் பிரித்தார்கள்.

தட்டச்சும் சுருக்கெழுத்தும் கற்று ஆபீஸ் வேலைக்கு வந்த தென்னிந்தியர்களுக்கு ரயிலடிப் பக்கத்து வாடகை வீடு வசதியாக இருந்தது. ஒருவர் பின்னால் உறவுக்காரர் நாலு பேர் வந்தார்கள். கோயில், மெஸ், வாழையிலைக் கடை எல்லாம் கூடவே வந்தன. 1932-ல் தென்னிந்தியக் கல்விச் சங்கமும் தொடங்கப்பட்டது. பிள்ளைகளுக்குப் பள்ளி கிடைத்த பிறகுதான் ஊர் நிலைத்தது என்பேன்.

மாட்டுங்கா முழுக்கத் தமிழர் பகுதி என்று பலர் நினைக்கிறார்கள்; குஜராத்தி, கட்ச் குடும்பங்களும் அங்கே தலைமுறைகளாக வாழ்கின்றன.