கிழக்கு ஆப்பிரிக்காவில் வேலையும் குடித்தனமும்: கேள்வி பதில்

தான்சானியாவிலும் கென்யாவிலும் குடும்பத்தோடு நெடுங்காலம் இருந்தவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன். நைஜீரியா, காங்கோ பற்றிக் கேட்டிருப்பவர்கள் அங்கே வசிப்பவர்களை விசாரியுங்கள். அது வேறு உலகம்.

டார் எஸ் சலாமில் வேலை கிடைத்திருக்கிறது. முதலில் டூரிஸ்ட் விசாவில் வரச் சொல்கிறார்கள், அப்புறம் மாற்றிக்கொள்ளலாமாம். போகலாமா?

போகாதீர்கள். டூரிஸ்ட் விசாவில் வேலை செய்வது குற்றம். தான்சானியாவில் வேலை அனுமதி தனி, குடியிருப்பு அனுமதி தனி. கென்யாவில் சம்பளத்துக்கு வேலை பார்க்க ‘கிளாஸ் டி’ அனுமதி வேண்டும். சோதனைக்கு வரும் குடியேற்ற அதிகாரிகளிடம் மாட்டுவது முதலில் நீங்கள்தான். அனுமதியின் நகல் கைக்கு வந்த பிறகு டிக்கெட் போடுங்கள். பாஸ்போர்ட்டை ‘ஆபீஸில் பத்திரமாக இருக்கும்’ என்று யார் கேட்டாலும் கொடுக்காதீர்கள்.

நைரோபி போக மஞ்சள் காய்ச்சல் ஊசி கட்டாயமா?

போட்டுக்கொள்ளுங்கள். கென்யாவிலிருந்து சான்றிதழ் இல்லாமல் இந்தியா திரும்பினால் விமான நிலையத்திலேயே பிடித்து ஆறு நாள் வரை தனிமைப்படுத்துவார்கள். சென்னையில் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டில் போடுகிறார்கள். பத்து நாள் கழித்துத்தான் சான்றிதழ் செல்லும். அப்புறம் ஆயுளுக்கும் செல்லும்.

பாதுகாப்பான ஊரா, சார்?

பகலில் கடைவீதியில் நடக்கலாம். இருட்டிய பிறகு நடக்க வேண்டாம், டாக்சி பிடியுங்கள். போனைக் கையில் தூக்கிப் பிடித்தபடி தெருவோரம் நிற்காதீர்கள்.

சைவம். குழந்தைகளோடு வருகிறோம். சாப்பாட்டுக்கு என்ன செய்வது?

கவலையே வேண்டாம் அம்மா. தான்சானியா துவரை விளைகிற நாடு. இந்தியாவுக்கே ஏற்றுமதி செய்கிறார்கள். அங்கே அதன் பெயர் ம்பாஸி. பாசிப்பயறு சொரோக்கோ, புளி உக்வாஜு. சந்தையில் ம்சிச்சா என்று கட்டுக்கட்டாக வைத்திருப்பார்களே, அது நம் தண்டுக்கீரைக் குடும்பம்தான், கடைந்தால் அருமையாக இருக்கும். அரிசி வாங்கும்போது கியேலா அரிசி என்று கேளுங்கள், வாசனையே தனி. கறிவேப்பிலையும் உளுந்தும் டார் எஸ் சலாமில் கிசுட்டு, உபாங்கா பக்கம் இந்தியர் கடைகளில் கிடைக்கும். வெளியே போனால் வாலி ந மஹராகே கேளுங்கள். சோறும் பீன்ஸும், கடற்கரை ஊர்களில் தேங்காய்ப்பால் விட்டுச் செய்வார்கள். சப்பாத்தியை அங்கேயும் சப்பாத்தி என்றே சொல்கிறார்கள். ஊரிலிருந்து மூட்டை கட்டிக்கொண்டு வராதீர்கள். அதிலும் பிளாஸ்டிக் கைப்பையில் கட்டாதீர்கள்: கென்யாவில் 2017 முதல், தான்சானியாவில் 2019 முதல் தடை.

மலேரியா மாத்திரை ஊரிலிருந்தே வாங்கி வரலாமா? காய்ச்சல் வந்தால் போட்டுக்கொள்ளலாம் அல்லவா?

கூடாது. காய்ச்சல் வந்தால் அன்றைக்கே ரத்தப் பரிசோதனை. இதை எத்தனை முறை வேண்டுமானாலும் சொல்வேன். அங்கே பெரும்பாலும் ஃபால்சிபேரம் என்கிற உயிருக்கே ஆபத்தான மலேரியா வகை. ஓரிரு நாளில் மூளையையும் சிறுநீரகத்தையும் பிடித்துவிடும். உள்ளூர் ஆள் காய்ச்சலோடு வேலைக்கு வருகிறாரே என்று பார்க்காதீர்கள். சிறு வயதிலிருந்து கடிபட்டு அவருக்கு ஓரளவு எதிர்ப்புச் சக்தி உண்டு, நமக்கு இல்லை. விரலில் குத்தி ஒரு சொட்டு எடுத்தால் அரை மணி நேரத்துக்குள் முடிவு தெரியும். சிறிய கிளினிக்கிலும் செய்வார்கள். நைரோபி சுமார் 1,700 மீட்டர் உயரத்தில் இருப்பதால் அங்கே ஆபத்து குறைவு. ஆனால் அங்கே இருக்கிறவர் வார இறுதிக்கு உயரம் குறைந்த மொம்பாசாவோ கிசுமுவோ போய்க் கொசுக்கடி வாங்கி வருகிறார். மருந்து தெளித்த வலைக்குள் படுங்கள். முன்தடுப்பு மாத்திரை வேண்டுமா என்பதைக் கிளம்பும் முன் டாக்டரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள்.

என் மச்சான் அங்கே இருக்கிறார். “நம்மவர்கள் காம்பவுண்டுக்குள்ளேயே இரு, அந்த ஆட்களை நம்பாதே, வேலைக்காரியை அடுப்படியில் விடாதே” என்கிறார். சரிதானே?

சரியில்லை. உங்கள் பிள்ளையைத் தூக்கி வளர்க்கப்போகிறவர் அந்தப் பெண். எழுதிவைத்த சம்பளம், வாரம் ஒரு நாள் லீவு, நீங்கள் சாப்பிடுகிற சாப்பாடு, இவற்றைக் கொடுங்கள். வாசல் காவலாளிக்கு தினமும் வணக்கம் சொல்லுங்கள். தான்சானியாவில் வயதில் மூத்தவரைப் பார்த்தால் ‘ஷிகாமூ’ சொல்ல வேண்டும், அவர் ‘மராஹபா’ என்பார். இதைச் சொல்லாமல் நேராகக் காரியத்துக்குப் போகிறவனை மரியாதை தெரியாதவன் என்றே நினைப்பார்கள். அப்படி நினைப்பது நியாயம்தான்.

ரொம்ப வக்காலத்து வாங்குகிறீர்கள். 1972இல் நம் ஆட்களைத் துரத்தியவர்கள்தானே இவர்கள்?

துரத்தியது உகாண்டாவின் இடி அமீன். 90 நாள் கெடு வைத்து, சொத்தைப் பிடுங்கி அனுப்பினான். பெரிய கொடுமை, மறுக்கவில்லை. ஆனால் அவன் தன் நாட்டு மக்களையே கொன்று குவித்த சர்வாதிகாரி. அந்தக் கணக்கை தான்சானியாக் காவலாளியிடம் எப்படித் தீர்ப்பீர்கள்?

முன்கதையையும் பாருங்கள். 1896இல் மொம்பாசாவில் தொடங்கிய ரயில் பாதைக்கு வெள்ளைக்காரன் இந்தியாவிலிருந்து சுமார் 32,000 கூலிகளைக் கொண்டுபோனான். பெரும்பாலும் பஞ்சாபிகள். சுமார் 2,500 பேர் செத்தார்கள். பிறகு நல்ல நிலம் வெள்ளையருக்கு, கடை இந்தியருக்கு, கூலி வேலை ஆப்பிரிக்கருக்கு என்று அடுக்கிவைத்தான். கசப்பு அங்கிருந்து வந்தது. அந்த அடுக்கை உடைக்கப் போராடியவர்களும் நம்மவர்களில் உண்டு. கென்யாவின் தொழிற்சங்கத் தலைவர் மக்கன் சிங்கைப் பிரிட்டிஷ் அரசு பதினோரு வருடத்துக்கு மேல் அடைத்துவைத்தது. கென்ய விடுதலைக்கு உழைத்த பியோ காமா பிண்டோ 1965இல் சுட்டுக் கொல்லப்பட்டார். தான்சானியாவின் முதல் அதிபர் நியெரேரேயின் அரசில் அமீர் ஜமால் நிதியமைச்சர். கென்யா 2017இல் ஆசிய வம்சாவளியினரை நாட்டின் 44ஆவது இனக்குழுவாக அறிவித்தது. இவ்வளவுக்கும் பிறகு காம்பவுண்டுக்குள் உட்கார்ந்து ‘அந்த ஆட்கள்’ என்று பேசுவது எனக்கு மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது.

நான் ம்வான்சாவில் இருக்கிறேன். நீங்கள் சொல்வது கேட்க நன்றாக இருக்கிறது. என் வீட்டில் நகை திருடு போனதே?

வருத்தமான விஷயம். போலீஸில் எழுதிக் கொடுத்துவிட்டீர்களா? திருட்டு நடக்கும், அலமாரியைப் பூட்டுங்கள், நகையை ஊரிலேயே விட்டு வாருங்கள். ஒரு திருடனுக்காக ஊரையே சந்தேகப்பட வேண்டாம் என்பது மட்டும்தான் என் வாதம். இந்த விவாதத்தை இத்தோடு நிறுத்திக்கொள்வோம், மற்றவர்கள் காத்திருக்கிறார்கள்.

பேருந்து ‘ஒரு மணிக்கு’ என்றார்கள். போனால் காலையிலேயே போய்விட்டதாம்!

சுவாஹிலிக் கணக்கில் பகல் விடியலில் தொடங்கும். ‘சா மோஜா’ என்றால் ஒரு மணி, அதாவது நம் காலை ஏழு. ஆறு மணி நேரம் கூட்டிக்கொள்ளுங்கள். எந்தக் கணக்கு என்று கேட்டு உறுதி செய்யுங்கள்.

செரெங்கெட்டி சஃபாரிக்கு எவ்வளவு ஆகும்?

அருஷாவில் உரிமம் உள்ள இரண்டு மூன்று ஏஜென்டுகளிடம் விலை கேளுங்கள். என் துறை இல்லை.

குடும்பத்தோடு போகப் பாதுகாப்பானதா?

மேலே சொல்லிவிட்டேன். தயவுசெய்து படித்துவிட்டுக் கேளுங்கள்.

பைக் டாக்சியில் ஆபீஸ் போகலாமா? சீக்கிரம் போய்விடலாம் என்கிறார்கள்.

ஹெல்மெட் கொடுத்தால் மட்டும். மூன்றாவது ஆளாக ஏறவே ஏறாதீர்கள்.

டார் எஸ் சலாமிலிருந்து திருச்சிக்கு வந்து மூன்று வாரம் ஆகிறது. நேற்றிலிருந்து குளிர் காய்ச்சல். என்ன மாத்திரை எடுக்கலாம்?

மாத்திரை எதுவும் வேண்டாம், உடனே மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். ஊருக்கு வந்து வாரங்கள் கழித்தும் மலேரியா தலைகாட்டும். டாக்டர் டெங்கு, டைஃபாய்டு என்று யோசிக்கத் தொடங்கும் முன் “தான்சானியாவிலிருந்து வந்திருக்கிறேன், மலேரியா பாருங்கள்” என்று நீங்களே சொல்லுங்கள். முதல் பரிசோதனையில் ‘மலேரியா இல்லை’ என்று வந்தாலும் காய்ச்சல் நீடித்தால் திரும்ப எடுக்கச் சொல்லுங்கள். கூட ஒருவரை அழைத்துக்கொண்டு போங்கள். முடிவு வந்ததும் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். மற்றவர்களுக்கு நாளை பதில் சொல்கிறேன்.