அந்தப் படம் அடுத்த கடைக்குப் போகும்

கேள்வி: கோத்தகிரியில் சிறிய ஸ்டூடியோ வைத்திருக்கிறேன். தெரிந்த பையன் ஒருவன் சென்ற வாரம் பத்தாம் வகுப்பு மாணவியின் பள்ளி விழாப் படத்தை வாட்ஸ்அப்பில் அனுப்பி, ஆபாசமாக மாற்றித் தரச் சொன்னான். முடியாது என்று சொல்லி அவன் எண்ணைத் தடுத்துவிட்டேன். சின்ன ஊர், வெளியே சொன்னால் பகை வரும். மறுத்தது போதாதா?
(பெயர் வெளியிட விரும்பாத வாசகர்)

பதில்: போதாது, தம்பி. மறுத்த உங்கள் கையைப் பிடித்துக்கொள்ளத் தோன்றுகிறது, ஆனாலும் போதாது. உங்களிடம் நடக்காததை அவன் குன்னூரில் கேட்பான், அல்லது கைபேசியில் தானே செய்துகொள்வான். அந்தப் பெண்ணுக்கு எதுவும் தெரியாது. தெரிந்தவர் நீங்கள் ஒருவர்தான்.

நானும் குன்னூரில் ஸ்டூடியோ நடத்தியவன். பிலிம் காலம், சீசனில் சுருள்கள் குவியும். ஒரு மே மாதம், விடுதியில் தங்கியிருந்தவர் கழுவக் கொடுத்த சுருளைக் காயப் போட்டிருந்தேன். ஈரம் சொட்டிய நெகட்டிவில் ஒரு சிறுமி. யாரும் எடுக்கக் கூடாத படம். பிரிண்ட் போட மறுத்தேன், சுருளை அவர் கையில் திணித்து வெளியே போகச் சொன்னேன். பெரிய காரியம் செய்துவிட்டதாக அன்று இரவு நினைத்தேன். சுருள் அவரோடு மலையிறங்கிவிட்டது. அவள் யார், என்ன ஆனாள் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

இன்று உங்களுக்குச் சட்டம் துணை நிற்கிறது. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டத்தில் 19ஆம் பிரிவு, அப்படியொரு குற்றம் நடக்கக்கூடும் என்ற அச்சம் இருந்தாலே காவல்துறைக்குச் சொல்லச் சொல்கிறது. 20ஆம் பிரிவு ஸ்டூடியோக்களைக் குறிப்பிட்டே சொல்கிறது: குழந்தையை ஆபாசமாகக் காட்டும் படம் கண்ணில் பட்டால் தெரிவிப்பது கடமை. மறைத்தால் ஆறு மாதம் வரை சிறை. நல்லெண்ணத்தோடு தகவல் தந்தவர்மேல் வழக்கு வராது.

உரையாடலை அழித்துவிடவில்லையே? எண், நாள், நேரம், அவன் எழுதிய வரிகள் எல்லாம் அப்படியே இருக்கட்டும். எச்சரிப்பதாக நினைத்துக்கூடப் படத்தை வேறு யாருக்கும் அனுப்பாதீர்கள். டீக்கடையில் அவள் பெயரை எடுக்காதீர்கள்; ஊர்ப்பேச்சு முதலில் சுடுவது அவளைத்தான். காவல் நிலையத்துக்குள் நுழையத் தயக்கமாக இருந்தால் குழந்தைகள் உதவி எண் 1098க்கு அழையுங்கள். தேசிய சைபர் குற்றப் புகார்த் தளத்தில் பெயர் சொல்லாமலும் எழுதலாம்.

ஏற்கெனவே ஒரு வாரம் ஆகிவிட்டது. நாளைக் காலை ஷட்டரைத் தூக்குவதற்கு முன் இதை முடித்துவிடுங்கள்.