கடிபடாத பிளேடு

கேள்வி: மார்வலின் 'பிளேடு' காமிக்ஸை ஜப்பான்காரர்கள் அனிமேவாக எடுத்திருக்கிறார்களாமே, பார்க்கலாமா, இல்லை அதுவும் பிளேடுதானா?

பதில்: அறுவைக்கு 'பிளேடு' என்றும் மொக்கை ஜோக்குக்கு 'கடி' என்றும் பேர் வைத்தவர்கள் நாம். இந்தப் பிளேடு ஒரு காட்டேரி வேட்டைக்காரர். காட்டேரி கடிக்கும், பிளேடு அறுக்கும். தமிழில் டப் செய்தால் வசனகர்த்தாவுக்குப் பாதி வேலை மிச்சம்.

அதிலும் பாருங்கள், 1973-இல் எழுத்தாளர் மார்வ் வுல்ஃப்மேனும் ஓவியர் ஜீன் கோலனும் 'தி டூம் ஆஃப் டிராகுலா' (டிராகுலாவின் கல்லறை) காமிக்ஸின் பத்தாம் இதழில் இவரை இறக்கியபோது இவர் பாதிக் காட்டேரியே கிடையாது. பிரசவ நேரத்தில் தாயைக் காட்டேரி கடித்ததால் எத்தனை கடித்தாலும் மாறாத உடம்பு, அவ்வளவுதான். கையில் மரக்கத்திகள். கடி ஜோக் படித்தே வளர்ந்த நம் வாசகர்களுக்கும் இதே உடம்புதான். பாதிக் காட்டேரி ரத்தம், பகல் நடமாட்டம், ரத்தப்பசியை அடக்கும் ஊசி மருந்து எல்லாம் 1998 சினிமா கொண்டுவந்த சீர்வரிசை. 1999-இல் காமிக்ஸும் அதன் வழிக்கு வந்தது. மோர்பியஸ் என்ற இன்னொரு மார்வல் காட்டேரி கடித்தார், இவர் மாறினார். 'ஆதியிலிருந்தே அப்படித்தான்' என்று கார்டு போடும் அன்பர்கள் பத்தாம் இதழைப் புரட்டிவிட்டுப் போடவும்.

அனிமே 2011-இல் வந்தது. மேட்ஹவுஸ் தயாரிப்பு, 12 எபிசோடு. வில்லன், தாயைக் கடித்த காட்டேரி டீக்கன் ஃப்ராஸ்ட். ஒரு பழிவாங்கும் கதை 12 எபிசோடு தாங்காது. அதனால் ஜப்பானில் தொடங்கித் தென்கிழக்காசியா முழுக்க ஊருக்கொரு காட்டேரி என்று இழுக்கிறார்கள். நடுவில் மார்வலின் இன்னொரு நாயகன் வூல்வரின் வேறு எட்டிப் பார்க்கிறார். முதல் இரண்டும் கடைசி மூன்றும் போதும். பிளேடுக்குக் குரல் கொடுத்த அகியோ ஓட்சுகாவின் கரகரப்புக்காக ஜப்பானிய மொழியிலேயே, சப்டைட்டிலோடு பாருங்கள்.

எனக்கு இதைவிட 1980-இல் டோயெய் என்ற ஜப்பானிய நிறுவனம் எடுத்த டிராகுலா டிவி அனிமே படம்தான் உசத்தி. அதே டிராகுலா காமிக்ஸ்தான், ஆனால் பிளேடு இல்லை. ஃப்ராங்க் டிரேக்கும் ரேச்சல் வான் ஹெல்சிங்கும்தான் வேட்டைக்குப் போகிறார்கள். 70 இதழ்கள் ஓடிய தொடரை ஒன்றரை மணி நேரத்தில் அமுக்கினால் என்ன ஆகும்? சாத்தான், கல்யாணம், குழந்தை, சாவு எல்லாம் ரயில் ஜன்னலில் ஊர்ப்பெயர் பார்க்கிற வேகத்தில் போகும். ஆனால் சக்தியெல்லாம் பறிபோன டிராகுலா, பசி தாங்காமல் ஒரு ஹாம்பர்கரைக் கடிக்கிறார் பாருங்கள்! அரை ஆயிரம் வருஷப் பிரபு, பன்னும் கையுமாக. அந்த ஒரு கடிக்காகவே படத்தை மன்னிக்கலாம்.

கேட்டது பிளேடா? அதையும் சொல்லிவிடுகிறேன். 'பிளேடு' இயக்குநர் மிட்சுயுகி மசுஹாரா மறு வருஷமே வேறு ஸ்டூடியோவில் 'ஷிரோகுமா கஃபே' எடுத்தார். ஒரு பனிக்கரடி காபிக்கடை நடத்துகிறது. வாயைத் திறந்தால் சிலேடை, வருகிற வாடிக்கையாளருக்கெல்லாம் சிலேடை. அறுவைதான் வேண்டுமென்றால் அசல் பிளேடு அது.