சிங்கப்பூரில் எஸ்பிரெசோ மெஷினுக்கு ஃபில்டர் தண்ணீர் தேவையா?

புது மெஷினில் குழாய்த் தண்ணீரை அப்படியே ஊற்றலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். ஊற்றலாம். ஊரில் போர்த் தண்ணீர் காய்ச்சிய பாத்திரத்தில் வெள்ளையாகப் படியுமே, அந்த அளவு உப்பு சிங்கப்பூர்க் குழாய்நீரில் கிடையாது. ஆனால் கிருமிநீக்கத்துக்குக் குளோரமின் சேர்க்கிறார்கள். அது காப்பி மணத்தைக் கொஞ்சம் மழுங்கடிக்கும். கொதிக்கவைத்தாலும் லேசில் போகாது. கார்பன் ஃபில்டர் வைத்த சாதாரண ஜக்கே அதை ஓரளவு குறைத்துவிடும். ஆனால் சுண்ணாம்புப் படிவைக் குறைப்பது கார்பன் இல்லை, அயனிப் பரிமாற்ற ரெசின், அதாவது தண்ணீரிலுள்ள கால்சியத்தைப் பிடித்துவைத்துக்கொள்ளும் சிறு மணிகள். பல ஜக்குகளில் இரண்டும் சேர்ந்தே இருக்கும்.

சரி, டிஸ்டில்டு (காய்ச்சி வடித்த) தண்ணீரே ஊற்றிவிட்டால்? வேண்டாம். கால்சியமும் மெக்னீசியமும் துளிகூட இல்லாத தண்ணீரில் காப்பி சப்பென்று இருக்கும். சில மெஷின்களின் நீர்மட்ட சென்சார் தண்ணீரின் மின்கடத்தலை நம்பி வேலை செய்கிறது. தண்ணீர் இருந்தும் இல்லை என்று அடம்பிடிக்கும். ஸ்பெஷாலிட்டி காப்பி சங்கம் பரிந்துரைக்கும் கடினத்தன்மை, அதாவது தண்ணீரில் கரைந்த கால்சியம், மெக்னீசியத்தின் அளவு, கால்சியம் கார்பனேட் கணக்கில் லிட்டருக்கு 50 முதல் 175 மில்லிகிராம்.

ஃபில்டர் போட்டாலும் டீஸ்கேலிங்கை (படிந்த சுண்ணாம்பை நீக்குவதை) விட்டுவிடாதீர்கள். அப்புறம், தொட்டித் தண்ணீரைத் தினமும் மாற்றுங்கள். குளோரமின் நீங்கிய தண்ணீரில் இந்த வெக்கையில் சீக்கிரமே கிருமி வளர்ந்து தொட்டி வழவழப்பாகிவிடும்.