ஏப்ரல் 14 தீயணைப்பு வீரர்கள் நினைவு நாளானதற்கும் ஒரு சரக்குக் கப்பலுக்கும் என்ன தொடர்பு?

அந்தக் கப்பலின் பெயர் ஃபோர்ட் ஸ்டிகைன். 1942-இல் கனடாவில் கட்டப்பட்டது. 1944 பிப்ரவரியில் இங்கிலாந்தின் பிர்கன்ஹெட்டிலிருந்து சுமார் 1,400 டன் வெடிபொருளோடும் தங்கக் கட்டிகளோடும் கிளம்பியது. வழியில் கராச்சியில் பஞ்சுப் பொதிகளையும் எண்ணெய்ப் பீப்பாய்களையும் ஏற்றினார்கள். வெடிமருந்து இருக்கும் கப்பலில் பஞ்சு! எனக்கு இன்றும் மனம் ஆறாத இடம் இதுதான்.

பம்பாய் விக்டோரியா துறையில், ஏப்ரல் 14 பிற்பகல் இரண்டு மணி வாக்கில் புகை தெரிந்தது. தீயணைப்பு வீரர்கள் ஓடிவந்து தண்ணீரைப் பீய்ச்சிக்கொண்டே இருந்தார்கள். பஞ்சுக்குள் கனன்ற நெருப்பு அடங்கவில்லை. 4.06-க்குக் கப்பல் வெடித்தது. அரை மணி கழித்து மறுபடியும். தங்கக் கட்டி ஒன்று ஏறத்தாழ ஒரு மைல் தள்ளி, ஒரு வீட்டுக் கூரையைப் பிய்த்துக்கொண்டு விழுந்தது. அதிர்வு சிம்லா வரை பதிவானது. இறந்த நூற்றுக்கணக்கானோரில் 66 பேர், கடைசிவரை குழாயை விடாமல் நின்ற தீயணைப்பு வீரர்கள். அவர்களுக்காகத்தான் அந்த நாள்.